கல் கம்பெனி ஆபீசில் ஒரு நடை

தென்காசியிலிருந்து குற்றாலம் போகும் சாலையில், ஒரு பழைய கட்டடத்தில் என் பிசியோதெரபி கிளினிக் இருக்கிறது. ஊரில் இன்னும் அதைக் கல் கம்பெனி ஆபீஸ் என்றுதான் சொல்வார்கள். பூப்போட்ட தரைக்கல் செய்து விற்ற கம்பெனி. பட்டறையை இடித்து வீட்டுமனை போட்டுவிட்டார்கள். ஆபீஸ் மட்டும் மிச்சம். வாங்க வருகிறவர்கள் பார்த்துத் தேர்ந்தெடுக்கட்டும் என்று அறைக்கு ஒரு தினுசாகக் கல் பதித்திருந்தார்கள். முன்னறையில் சிவப்புப் பூ, மேனேஜர் அறையில் பச்சை நட்சத்திரம், இரண்டு அறைக்கும் நடுவே போகும் நீளமான நடையில் குறுக்குவாட்டில் கறுப்பும் வெள்ளையுமாகப் பட்டைகள்.

வாடகைக்கு எடுத்தபோது எனக்குக் கட்டடம் பிடித்திருந்தது. தரைதான் பிடிக்கவில்லை. சிகிச்சை பார்க்கும் இடம் பளிச்சென்று வெள்ளையாக இருக்க வேண்டும் என்பது என் எண்ணம். கட்டடத்துக்காரரும் சம்மதித்துவிட்டார். வெள்ளை டைல்ஸ் வந்து இறங்கியது. திங்கட்கிழமை வருவதாகக் கொத்தனார் சொல்லியிருந்தார்.

அதற்கு முந்தைய சனிக்கிழமை ஆய்க்குடியிலிருந்து ஒரு கணவனும் மனைவியும் வந்தார்கள். அவர் ஓய்வுபெற்ற பஸ் டிரைவர். நடுக்குவாத நோய். கையில் நடுக்கம் கொஞ்சம்தான். நடந்துகொண்டிருக்கும்போதே கால் நின்றுவிடுவதுதான் பெரிய தொல்லை.

"வாசப்படி வந்தாப் போதும், ஆணி அடிச்ச மாரி நின்னுருதாவ. நான் புடிச்சு இழுத்தா ரெண்டு பேருஞ் சேந்து விழுதோம்" என்றார் அந்த ஆச்சி.

இங்கேயும் அதுதான் நடந்தது. முன்னறையில் எழுந்து சில அடி வைத்தவர், கதவுநிலை அருகே அப்படியே நின்றார். முகத்தில் வெட்கம். நான் கைகொடுக்கப் போனேன். அவர் குனிந்து, நடையில் இருந்த பட்டைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு காலைத் தூக்கி முதல் கறுப்புப் பட்டையைத் தாண்டி வைத்தார். அடுத்ததையும் தாண்டினார். அப்படியே மேனேஜர் அறைவரை போய், சுவரைப் பிடித்துக்கொண்டு திரும்பிப் பார்த்துச் சிரித்தார்.

"ஏயப்பா, நடக்காவளே!" ஆச்சி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"கோடு தெரிஞ்சா காலு தானா வருது டாக்டரம்மா. வெறுந்தரையிலதான் எங்கன வைக்கன்னு தெரியமாட்டேங்கு" என்றார் அவர்.

இந்த நோய்க்குத் தரையில் கோடு போட்டு நடை பழக்குவதை நான் படித்திருக்கிறேன். யாரோ எனக்காகக் கல்லிலேயே போட்டு வைத்திருந்தது அன்றுதான் கண்ணில் பட்டது. உடனே கொத்தனாருக்குப் போன் செய்து வரவேண்டாம் என்றேன்.

"டைல்ஸு எறக்கியாச்சே?"

"பாத்ரூமுக்குப் போட்டுக்கிடலாம் கொத்தனாரே."

அந்த வாரமே ஆய்க்குடி போய், அவர் வீட்டு வாசல்களில் தரையில் கறுப்பு டேப் ஒட்டிவிட்டு வந்தேன். வாரம் தவறாமல் அவர் நடைப் பயிற்சிக்கு வந்தார். இப்போது அந்த நடையில் வேறு சிலரும் பழகுகிறார்கள்.

போன மாதம் ஒருநாள் ஆச்சி மட்டும் உள்ளே வந்தார். நான் வாசலை எட்டிப் பார்த்தேன். "அண்ணாச்சி எங்க?" என்றேன்.

"முக்குக் கடையில பழைய டிரைவருமாரு கூட கத பேசிக்கிட்டு நிக்காவ. முந்தி வீட்ட விட்டு வர முடியலன்னு அழுதேன். இப்பம் வீட்டுக்கு வரமாட்டேங்காவ, பாத்துக்கோ!"

சொல்லும்போதே ஆச்சிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கொஞ்ச நேரத்தில் அவரும் வந்தார், எங்கள் இருவருக்கும் ஒரு பொட்டலம் உளுந்த வடையோடு.