பல்வீந்தர் அங்கிளின் செருப்புத் தட்டு

டண்டினொங் வாழ் தமிழ்ப் பெருமக்களுக்கு ஆழ்ந்த துயருடன் அறியத் தருவது: என் செம்மஞ்சள் தலைத்துணியை அம்மா துவைக்கக் கேட்கிறார். தர மறுக்கிறேன். இறுதிக்கிரியை விபரம் பின்னர்.

இதைக் குடும்ப வட்ஸ்அப்பில் போட்டுவிட்டுச் சிரித்துக்கொண்டிருந்தபோதுதான் அப்பா வேலையிலிருந்து அழைத்தார். "பல்வீந்தர் அங்கிள் போயிட்டாரடா. ஹார்ட் அட்டாக்." நான் முதலில் அந்தப் பகிடியை அழித்தேன்.

அப்பாவோடு தொழிற்சாலையில் வேலை செய்தே எங்கள் தமிழைப் பழகி, அதை எங்களைவிடச் சத்தமாகப் பேசிய சீக்கியர் அவர். இதை வாசிக்கிற டண்டினொங் ஆட்களில் பலருக்கும் அவரைத் தெரியும். குருத்வாராவுக்கு எங்களை முதன்முதலில் கூட்டிப்போனவரும் அவர்தான். வாசலில் அப்பாவும் நானும், இதுவும் கோயில்தானே என்று, நல்ல பிள்ளைகளாகச் சட்டையைக் கழற்றிவிட்டோம். மெல்பேர்ன் குளிரில் இரண்டு வெறும் மேல்கள்! அங்கிள் ஓடிவந்தார். "அண்ணை, இஞ்ச மேலைத் திறக்கிறேல்லை, தலையை மூடுறது!" என் தலையில் ஒரு செம்மஞ்சள் துணியைக் கட்டிவிட்டார். பிறகு எல்லோரோடும் நிலத்தில் இருந்து சாப்பிட்டோம். "இந்தப் பந்தி முதல் குரு துவக்கினது. மூண்டாவது குருவைப் பாக்க ராசா வந்தாலும் முதல்ல இப்பிடி இருந்து சாப்பிடோணும்" என்றார்.

ஞாயிறுகளில் வாசலில் நின்று செருப்புகளை வாங்கித் தட்டில் அடுக்குவது அவர் தொண்டு. "இன்னும் புறமோஷன் இல்லையோ அங்கிள்?" என்று சீண்டினேன்.

"குரு நானக்குக்கு ரெண்டு பொடியன்கள். தன்ரை இடத்தை ஆருக்குக் குடுத்தவர்? தொண்டு செய்த லெஹ்னாவுக்கு. அவர்தான் ரெண்டாவது குரு."

"அப்ப உங்கட கதிரை எனக்கோ?"

"எனக்கேதடா கதிரை? செருப்புத் தட்டுத்தான் இருக்கு. வேணுமோ?"

"ஓம்" என்று சும்மா சொல்லிவைத்தேன்.

வருகிற ஞாயிறு அவருக்கான பிரார்த்தனை. செருப்புத் தட்டடியில் இனி யார் நிற்பது என்று பேச்சு வந்ததும் "நான்" என்றேன். "உனக்கு ஏலுமோ?" என்றார் அப்பா. "இதென்ன ரொக்கெட்டோ?" என்றேன். பள்ளிக்கூடம் முழுக்க அளந்தும் விட்டேன். அதிலிருந்து நித்திரை இல்லை. யாருடைய சோடியை யாரிடம் கொடுப்பேனோ. அங்கிளின் மனைவி, அன்ரி, தன் செருப்பைக் கழற்றி நீட்டும்போது என் முகம் என்ன செய்யுமோ.

அவருடையதென்று என்னிடம் இருப்பது அந்தத் துணி மட்டுமே. போன ஞாயிறு அவர் போட்ட முடிச்சோடு தொப்பி போலக் கழற்றி வைத்திருந்தேன். இன்று காலை ஒத்திகை பார்க்கப் போட்டேன். அவிழ்ந்துவிட்டது.

ரொக்கெட் கிடக்கட்டும். எனக்கு அந்த முடிச்சே போடத் தெரியாது. வாரா வாரம் அங்கிள்தான் கட்டிவிட்டார். ஞாயிறு வேளைக்கே வருகிறவர்கள், செருப்பைத் தருவதற்கு முன் ஒருக்கால் கட்டிவிடுங்கள்.