பல்லக்காவின் எலுமிச்சைப் பை

மருந்துக் கடைக்கு மேலே, ஒற்றை ஜன்னல் வைத்த அறையில் உட்கார்ந்து பதினெட்டு வருடமாகப் பல் செட் செய்துகொண்டிருந்தவளை எல்லோரும் பல்லக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். கீழே மருந்துக் கடையை ஒட்டியிருந்த கிளினிக்கில் பல் டாக்டர் நோயாளியின் வாயில் அளவெடுத்து மேலே அனுப்புவார். பல்லக்கா அதில் பிளாஸ்டர் ஊற்றி, மெழுகில் பற்களை ஒவ்வொன்றாக நட்டு, இளஞ்சிவப்பு ஈறு வார்த்து, தேய்த்துப் பளபளப்பாக்கித் திருப்பி அனுப்புவாள். ஆட்களை முகத்தை வைத்து நினைவில் வைப்பது அவளுக்கு வராது. காய்கறிக்காரர் என்றால் முன்பல் சந்து. எதிர்வீட்டு அம்மா என்றால் மேல்வரிசை முழுவதும் நம் வேலை. கணவரை முதன்முதலாகச் சந்தித்த நாளில் அவர் என்ன பேசினார் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. இடது கோரைப்பல் லேசாகத் திரும்பியிருந்தது மட்டும் நன்றாக ஞாபகம் இருக்கும்.

வீட்டில் மொத்தம் மூன்று பேர். அவள், குடிநீர் அலுவலகத்தில் வேலை பார்த்த கணவர், அப்புறம் மாமனார். மாமனார் முப்பத்திரண்டு வருடம் பஸ் கண்டக்டராக இருந்தவர். ஓய்வு பெற்ற பிறகும் வாயிலிருந்து 'ரைட்' போகவில்லை. சாப்பிட்டு எழுந்தால் ரைட், செய்தி முடிந்தால் ரைட், மருமகள் வேலைக்குக் கிளம்பிக் கதவைச் சாத்தினால் உள்ளேயிருந்து ஒரு ரைட். தெருவே அவரை ரைட் மாமா என்றது.

அந்த வருடம் ரைட் மாமாவுக்கு மிச்சமிருந்த ஏழு பற்களும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு ஆட ஆரம்பித்தன. டாக்டர் எல்லாவற்றையும் எடுத்துவிட்டார். குடும்பத்தில் யாரும் கவலைப்படவில்லை. மருமகளே பல் செய்கிறவள் என்று கணவர் அலுவலகத்தில் பெருமையடித்துக்கொண்டு திரிந்தார். ஈறு ஆறியதும் அளவெடுத்தார்கள். பல் செட் தயாரானது. பல்லக்காவே டாக்டரின் பக்கத்தில் நின்று அதை மாமனாரின் வாயில் பொருத்திவிட்டு, "சரியா இருக்கா மாமா?" என்று கேட்டாள். அவர் வாய் நிறையப் பல்லோடு கன்னத்தைத் தொட்டுக்காட்டி, "ரைட்டு" என்றார். ரைட் மாமா ரைட் என்று சொன்னால் அதற்குமேல் கேட்க என்ன இருக்கிறது. எல்லோரும் வீட்டுக்கு வந்தார்கள்.

நாலாம் நாள் காலையில் பல் செட் சமையலறை ஜன்னலில் ஒரு டம்ளர் தண்ணீருக்குள் உட்கார்ந்திருந்தது.

"என்னாச்சு மாமா?"

"கடிக்குது."

"பல்லுன்னா கடிக்கத்தானே மாமா செய்யும்?"

"என்னையேல்ல கடிக்குது."

பல்லக்கா எல்லா நோயாளிக்கும் சொல்கிற ஒரு வார்த்தையை அவருக்கும் சொன்னாள். பழகிடும். அவரும் இரண்டு முறை போட்டுப் பார்த்தார். பிறகு தொடவில்லை. விளக்கம் கேட்டால் பேச்சை மாற்றினார். ஒரு ஸ்டாப்பிங்கை ஒரு தடவைதான் சத்தம் போட்டுச் சொல்வேன், இறங்காதவன் இறங்காதவன்தான் என்று பணியில் இருந்தபோதே பெயரெடுத்தவர் அவர்.

அதன்பின் ஐந்து மாதம் அந்த வீட்டில் எல்லாம் மசித்ததுதான். மசித்த உருளைக்கிழங்கு, வடிகட்டிய சூப், பாலில் ஊறிய ரொட்டி. இரண்டு சமையல் செய்ய நேரமில்லாததால் முப்பத்திரண்டு பல்லும் முழுசாக உள்ள கணவரும் அதையே விழுங்கினார். ஒருநாள் அலுவலகத்தில் யாரோ வேர்க்கடலை நீட்டியபோது தனக்குக் கண் கலங்கிவிட்டது என்று வந்து சொன்னார்.

பல்லக்காவுக்குச் சாப்பாடு பெரிதாகப் படவில்லை. மானம்தான் பெரிதாகப் பட்டது. ஆயிரத்துக்கு மேல் பல் செட் செய்தவள். ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை. இப்போது ஒன்று அவள் வீட்டு ஜன்னலிலேயே உட்கார்ந்து, தண்ணீர் குடிக்க வருகிறவர்களைப் பார்த்தெல்லாம் இளித்தது.

இப்படியிருக்கையில் ஒரு சனிக்கிழமை, முடித்த வேலையைக் கொடுக்கக் கீழே போனபோது, காத்திருக்கும் அறையில் கிடந்த பத்திரிகையில் ஒரு பக்கம் கண்ணில் பட்டது. அடுப்பு வேண்டாத எலுமிச்சைப் பை என்றொரு வெளிநாட்டு இனிப்பு. அடியில் பிஸ்கட் தரை, மேலே குளிரவைத்த எலுமிச்சைக் கூழ். படத்தைப் பார்த்ததும் அவளுக்குத் திட்டம் உதித்தது. மேலே இருப்பதற்குப் பல் வேண்டாம், கீழே இருப்பதற்கு வேண்டும். புளிப்பும் இனிப்பும் கலந்ததென்றால் மாமனாருக்கு உயிர். மேல்பாதியைச் சாப்பிட்டவர் கீழ்ப்பாதியை எப்படி விடுவார்? டம்ளருக்குக் கை போய்த்தானே ஆகவேண்டும். பத்திரிகையைக் கையோடு எடுத்துவந்து, மறுநாள் பை செய்யப்போவதாக அன்று மாலையே வீட்டில் அறிவித்தாள்.

இருக்கிற பை போதாதா என்றார் மாமனார். கண்டக்டர் வேலையின் தோல் பை இன்னும் ஆணியில் தொங்கிக்கொண்டுதான் இருந்தது. இது சாப்பிடுகிற பை என்று அவள் சொன்னாள். பல் இல்லாதவனிடம் பையைச் சாப்பிடச் சொல்லும் காலம் வந்துவிட்டது என்று அவர் மகனிடம் முறையிட்டார். மகன் படத்தைக் காட்டினார். மாமனார் கண்ணாடி போட்டு இரண்டு நிமிடம் பார்த்துவிட்டு, ரைட் என்றார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் பல்லக்கா கையைக் கழுவிக்கொண்டு வேலையில் இறங்கினாள். பிஸ்கட்டைத் துணியில் கட்டிப் பூரிக்கட்டையால் தட்டினாள். உருக்கிய வெண்ணெயை ஊற்றிப் பிசைந்தாள். தட்டில் கொட்டி அழுத்தும்போதுதான் தொழில் குறுக்கே வந்தது. மெதுவாக அழுத்தவும் என்று பத்திரிகையில் போட்டிருந்தது. பல்லக்காவின் அகராதியில் அழுத்தம் என்றால் ஒரு காற்றுக்குமிழிகூட உள்ளே இருக்கக்கூடாது. டம்ளரின் அடியை வைத்து, எடை முழுவதையும் கொடுத்து, நுனிக்காலில் நின்று அழுத்தினாள். ஓரத்தைக் கத்தியால் சீவி, விரலால் தடவி, ஒரு கண்ணை மூடி மட்டம் பார்த்தாள். சமையலறைப் பக்கம் வந்த கணவர் இது யாருடைய தாடை என்று கேட்டார்.

கெட்டிப்பாலையும் பாலாடையையும் கலந்து நாலு எலுமிச்சம்பழச் சாற்றை ஊற்றியபோது அவளுக்கு உண்மையிலேயே சந்தோஷம் வந்தது. தண்ணீராக ஓடியது, கரண்டிக்குக் கீழே சட்டென்று இறுக ஆரம்பித்தது. அளவெடுக்கிற மாவும் இப்படித்தான் இறுகும், ஆனால் அது வாயில் வைக்கிற மாவே தவிர தின்கிற மாவு இல்லை. தட்டில் ஊற்றி, மேசையில் லேசாகத் தட்டித் தட்டிக் குமிழிகளை மேலே வரவைத்து, ஒவ்வொன்றையும் ஊசியால் உடைத்தாள். எட்டரை மணிக்குப் பை குளிர்பெட்டிக்குள் போனது. ஆறு மணி நேரம் யாரும் திறக்கக்கூடாது என்று உத்தரவு போட்டாள்.

ஒன்பது மணிக்கு மாமனாருக்குத் தண்ணீர் தாகம் எடுத்தது. ஒன்பதரைக்கு மறுபடியும். பதினொரு மணிக்குப் பையின் நடுவில் ஒரு குழி இருந்தது. பல்லக்கா குழியைப் பார்த்தாள், இரண்டு ஆண்களின் ஆட்காட்டி விரலையும் பார்த்தாள், கரண்டியால் தடவி மூடினாள். குழி கணவருடையது.

மூன்று மணிக்கு வெட்ட உட்கார்ந்தார்கள். கூழில் கத்தி வெண்ணெயில் போவதுபோல இறங்கி, தரையில் டக் என்று நின்றது. கணவர் எழுந்து நின்று அழுத்தினார். கடைசியில் பெரிய கத்தியை வைத்து அதன் முதுகில் பூரிக்கட்டையால் தட்டித்தான் துண்டு போட முடிந்தது.

ரைட் மாமா முதல் துண்டை ஸ்பூனால் வழித்தார். கண்ணை மூடினார். இன்னொன்று கேட்டார். அதையும் வழித்தார். மூன்றாவதும் போனது. தட்டில் மூன்று பிஸ்கட் தரைகள் துடைத்துவிட்டாற்போல் வரிசையாகக் கிடந்தன. ஜன்னல் பக்கம் அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. மாடி பஸ்ஸில் மேல்தட்டில் உட்கார்ந்த மாதிரி இருக்கிறது, கீழ்த்தட்டில் உனக்குத்தான் இடம் என்று மருமகளிடம் தட்டை நீட்டினார்.

பல்லக்காவுக்கு முகம் விழுந்துவிட்டது. தட்டை வாங்கி வைத்துவிட்டு மாடிக்குத் துணி எடுக்கப் போனாள். அவள் முகம் போன போக்கை மாமனார் பார்த்திருக்க வேண்டும். துணிகளோடு இறங்கி வந்தபோது கூடத்தில் அவர் இல்லை. கதவு வழியாகத் தெரிந்த சமையலறை ஜன்னலில் டம்ளர் இருந்தது, டம்ளரில் தண்ணீர் மட்டும் இருந்தது. சமையலறைக்குள்ளிருந்து ஏதோ முறிகிற சத்தம் கேட்டது.

உள்ளே ரைட் மாமா குளிர்பெட்டியின் பக்கத்தில் சுவரைப் பார்த்து நின்றுகொண்டிருந்தார். திரும்பச் சொன்னாள், திரும்பவில்லை. சுற்றிப் போய்ப் பார்த்தாள். அவர் கையில் நாலாவது துண்டு இருந்தது. அதில் மேல்செட், கீழ்செட் இரண்டும் கடித்தபடியே நின்றன. அவற்றுக்குப் பின்னால் இருந்திருக்க வேண்டிய வாய் காலியாக இருந்தது.

"பை பல்லைப் புடுங்கிக்கிச்சும்மா," என்றார் அவர், குற்றம் செய்து பிடிபட்டவர்போல.

கணவர் ஓடிவந்து பார்த்துவிட்டு, சிரிப்பை அடக்கமுடியாமல் குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். பல்லக்கா சிரிக்கவில்லை. துண்டை வாங்கி, பல் செட்டை மெதுவாக ஆட்டிக் கழற்றினாள். அப்போதுதான் அதைப் பார்த்தாள். குளிரில் இறுகிய கூழிலும் பிஸ்கட்டிலும் பல்வரிசையின் அச்சு தெளிவாக விழுந்திருந்தது. வலது பக்கக் கடைவாயில் குழி ஆழமாக, பிஸ்கட் நொறுங்கும்வரை இறங்கியிருந்தது. இடது பக்கத்தில் லேசான தடம் மட்டும்தான். வெளிச்சத்தில் பிடித்து, ஒரு கண்ணை மூடிப் பார்த்தாள். வலது பக்கம் அரை மில்லிமீட்டர் உயரம். மனிதர் ஒவ்வொரு முறை வாயை மூடும்போதும் வலது ஈறில் சுத்தியல் அடி விழுந்திருக்கிறது.

"மாமா, வலப்பக்கம்தான் வலிச்சுதா?"

"அன்னிக்கே சொன்னேனே. தொட்டுக்காட்டிச் சொன்னேன். ரைட்டுன்னு."

பல்லக்கா ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டாள். எப்படி நடந்தது என்று அவளுக்கு உடனே தெரிந்தது. வெளியார் வேலையெல்லாம் மேசைக்கு முதலில் போகும். வீட்டு வேலைதானே என்று மாமனாருடையதை மதிய இடைவேளையில், ஒரு கையில் ரொட்டியை வைத்துக்கொண்டு மெழுகில் நட்டிருந்தாள். யாருக்கும் செய்யாத அவசரத்தைச் சொந்த வீட்டுக்குச் செய்திருந்தாள்.

"தப்பு என் மேலதான் மாமா. நீங்க அஞ்சு மாசமா சும்மா பட்டினி கிடந்திருக்கீங்க."

பட்டினி என்று சொல்ல முடியாது, மகனைப் பார்க்கத்தான் பாவமாக இருந்தது என்றார் மாமனார்.

திங்கட்கிழமை காலையில் பல்லக்கா பல் செட்டையும், சாப்பாட்டு டப்பாவில் ஐஸ் வைத்து அந்த நாலாவது துண்டையும் எடுத்துக்கொண்டு போனாள். டாக்டர் துண்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். முப்பது வருடத் தொழிலில் இவ்வளவு சுத்தமான அச்சு மெழுகில்கூட வந்ததில்லை என்றார். பிறகு மாமனாரை நாற்காலியில் உட்காரவைத்து, பல் அழுந்தும் இடத்தில் நிறம் ஒட்டுகிற நீலத்தாளைக் கடிக்கச் சொல்லிச் சரிபார்த்தார்கள். பை சொன்னதையே தாளும் சொன்னது. பல்லக்கா மாடிக்குப் போய், வேறு எந்த வேலையையும் தொடாமல், ரொட்டியையும் தொடாமல், வலது கடைவாய்ப்பற்கள் இரண்டையும் தேய்த்துக் கொண்டுவந்தாள். மாமனார் வாயை மூடினார், திறந்தார், மறுபடி மூடினார். எப்படி இருக்கிறது என்று கேட்டபோது, நன்றாக இருக்கிறது என்று முழு வாக்கியமாகச் சொன்னார். இந்தத் தடவை யாருக்கும் சந்தேகம் வரக்கூடாது என்று நினைத்திருப்பார்போல.

அன்று சாயங்காலமே குளிர்பெட்டியில் மிச்சமிருந்த பிஸ்கட் தரைகளை எல்லாம் உட்கார்ந்து முடித்தார். தெருமுனைவரை சத்தம் கேட்டது. பல் வந்ததோடு அவருக்கு அபிப்பிராயங்களும் வந்தன. ஐந்து மாதம் எதைக் கொடுத்தாலும் விழுங்கியவர் இப்போது உப்பு குறைச்சல், வேகவில்லை, வெங்காயம் பெரிதாக இருக்கிறது என்று வேளைக்கு ஒன்று சொன்னார். உருளைக்கிழங்கை மசிக்காமல் வைத்த முதல் நாள் கணவர் மட்டும் தலை நிமிராமல் சாப்பிட்டார்.

அடுத்த ஞாயிறு மாமனார் மதியத்திலிருந்தே பல்லைப் போட்டுத் தயாராக உட்கார்ந்திருந்தார். எலுமிச்சம்பழம் விலை ஏறிவிட்டதால் பல்லக்கா ஆரஞ்சுப் பழத்தில் பை செய்திருந்தாள். பாலை இறுகவைக்க ஆரஞ்சின் புளிப்பு போதவில்லை. ஆறு மணி நேரம் கழித்துத் திறந்தால் கூழ் கூழாகவே இல்லை, தட்டைச் சாய்த்த பக்கமெல்லாம் ஓடியது. மூன்று பேரும் அதை டம்ளரில் ஊற்றிக் குடித்தார்கள்.