மேசைக்குக் கீழே ஒரு நோட்டு

பஞ்சாயத்துத் தலைவர் தொண்டையைச் செருமினால் போதும், சிவசங்கரியின் வலது கை மேசைக்குக் கீழே போய்விடும். முகம் மேலேயே இருக்கும். பேசுகிறவர் வாயைக் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டிருப்பாள். மடியில் மடக்கி வைத்த நாற்பது பக்க நோட்டில் கை மட்டும் தனியாக ஓடும். இரண்டு வருஷமாக இப்படித்தான். மற்ற மெம்பர்கள் இதற்கு ஆளுக்கொரு கதை வைத்திருந்தார்கள். நேர்த்திக்கடனுக்கு சாமி பேர் எழுதுகிறாள் என்றது ஒரு கட்சி. சீரியல் பார்க்க முடியாத நாளில் தானே கதை எழுதிக்கொள்கிறாள் என்றது இன்னொரு கட்சி. சிவசங்கரி இரண்டையும் மறுக்கவில்லை. உண்மையைவிட அவை கொஞ்சம் மரியாதையாக இருந்தன.

உண்மை என்னவென்றால், மெம்பருக்கு மலையாளம் எழுதப் படிக்கத் தெரியாது.

எந்தப் பஞ்சாயத்து என்று கேட்க வேண்டாம். மூணாறு பஜாரிலிருந்து ஜீப்பில் ஒரு மணி நேரம், அது போதும். சிவசங்கரிக்கு நாற்பத்து மூன்று வயது. எட்டாம் வகுப்பு வரை தமிழில் படித்தாள், பத்தொன்பதில் தேயிலைக் கொழுந்துக் கூடையை முதுகில் மாட்டினாள், இன்னும் கழற்றவில்லை. வார்டு பெண்களுக்கு ஒதுக்கப்பட்டபோது, காலையில் ஆள் கணக்கெடுக்கிற மஸ்டரில் சூப்பர்வைசரை எதிர்த்து வாய் திறக்கிற ஒரே பொம்பளை என்று கட்சிக்காரர்கள் இவள் வீட்டுக்கு வந்தார்கள். ஜெயித்தும் விட்டாள்.

மீன்காரனிடம் பேரம் பேச, கண்டக்டரோடு சண்டை போட அவளுக்கு மலையாளம் தாராளமாக உண்டு. கமிட்டியில் பேசுகிற மலையாளம்தான் வேறு. அங்கே ஒவ்வொரு வார்த்தையும் சரக்கு லாரி மாதிரி நீளமாக வரும். முதல் கமிட்டி முடிந்து வந்த அன்று அவள் புருஷன் ராஜசேகர், டூரிஸ்ட் ஜீப் ஓட்டுகிறவன், கேட்டான்.

"என்ன முடிவாச்சு?"

"எல்லாரும் கையத் தூக்குனாக. நானும் தூக்குனேன்."

"எதுக்குப் புள்ள தூக்குன?"

"அது தெரிஞ்சா நான் ஏன் ஒங்ககிட்ட சொல்லிக்கிட்டு இருக்கேன்."

ஒரு வாரத்தில் தெரிந்தது. அவள் வார்டுக்கு வர வேண்டிய நாலு தெருவிளக்கைப் பக்கத்து வார்டுக்கு மாற்றுவதற்கு அவளே கை தூக்கியிருந்தாள். எஸ்டேட் வீட்டு வரிசையான லயத்தில் அந்த மாதம் முழுக்க அவளைப் பார்த்தவர்கள் எல்லாம் டார்ச் அடித்துக் காட்டினார்கள்.

அடுத்த கமிட்டியில் நோட்டு வந்தது. காதில் விழுகிற மலையாளத்தைத் தமிழ் எழுத்தில் அப்படியே இறக்குவாள். அர்த்தம் புரிய வேண்டிய அவசியமில்லை, சத்தம் தப்பக் கூடாது. நம்மிடம் ஒரே ஒரு 'க' இருக்கிற இடத்தில் மலையாளத்தான் நாலு வைத்திருக்கிறான். அதற்கு அவள் தன் தொழிலிலிருந்தே ஆள் பிடித்தாள். மூச்சு முட்டிக்கொண்டு வருகிற எழுத்தின் தலையில் ஒரு குட்டிக் கொழுந்து. அடிவயிற்றிலிருந்து வருகிற எழுத்துக்குக் கீழே ஒரு ஆணி. இரண்டும் சேர்ந்து வந்தால் கொழுந்தும் ஆணியும். பேசுகிறவர் இருமினால் வளைகோடு, மேசையைத் தட்டினால் ஒரு வெட்டு, போனைப் பார்த்துக்கொண்டே பேசினால் சின்ன வட்டம். ஓரத்தில் பேசியவர் பெயர். சொந்தப் பெயர் எழுத நீளமாகும் என்பதால் அவளே வைத்த பெயர்கள். தலைவர் 'செருமல்'. செக்ரட்டரி ஜோமோன் 'குடை'. வெயில் காலத்திலும் குடையோடு வருகிறவர். பால் விடாத கட்டன்சாயா இல்லாமல் ஒரு வாக்கியம் முடிக்காத எஞ்சினியர் ஜிஜி 'கட்டன்'. இந்தப் பெயர்களுக்காகவே நோட்டு வெளியே தெரியக் கூடாது என்று அவள் நினைத்ததும் உண்டு.

சாயங்காலம் அடுப்படியில் வாசிப்பாள். ராஜசேகர் உள்ளிக்குத் தோலுரித்துக்கொண்டே அர்த்தம் சொல்வான். கொச்சியிலிருந்தும் கோழிக்கோட்டிலிருந்தும் வருகிற டூரிஸ்டுகளோடு இருபது வருஷமாகச் சுற்றியதில் அவனுக்கு எல்லா மலையாளமும் காதுக்குப் பழக்கம். எழுத்துதான் எந்த பாஷையிலும் ஒட்டவில்லை, மூன்றாம் வகுப்போடு சரி. அவளுக்கு வாசிக்கத் தெரியும், புரியாது. அவனுக்குப் புரியும், வாசிக்கத் தெரியாது. அந்த வார்டுக்கு ஒரு மெம்பர் என்று கெசட்டில் போட்டிருந்தாலும், நடப்பில் இரண்டு பேர்.

நோட்டில் பிப்ரவரி மாசத்துப் பக்கத்தில்தான் சுவர் விஷயம் இருக்கிறது. பஞ்சாயத்து ரோட்டுக்கு நேர் கீழே ஆறு வீடு உள்ள லயம் ஒன்று. கடைசி வீடு பூமாரியுடையது. போன மழையில் ரோட்டோரம் சரிந்து, அவள் அடுப்படிக்குள் முழங்கால் உயரம் மண் வந்தது. மழைக்கு முன்னால் தாங்குசுவர் கட்ட வேண்டும் என்று சிவசங்கரி கமிட்டியில் எழுந்து நின்று கேட்டாள். எஞ்சினியர் கட்டித் தருவதாகச் சொன்னார். அன்று அர்த்தம் சொன்ன ராஜசேகர், உள்ளியைக் கீழே வைத்துவிட்டு, "சங்கரி, இது வாக்குல்லா" என்றான். அவள் நேராகப் போய்ப் பூமாரியிடம் சொல்லிவிட்டு வந்தாள்.

ஏப்ரலில் கேட்டபோது ஜிஜி மினிட்ஸ் புத்தகத்தில் விரல் வைத்து வாசித்துக் காட்டினார். 'கோரிக்கை பரிசீலிக்கப்படும்' என்று ஒரு வரி. கட்டுவதாகத் தான் சொன்னதாக நினைவில்லை என்றார். மற்றவர்களுக்கும் நினைவில்லை. அன்று சொன்னதை எழுதிய நோட்டு மேசைக்குக் கீழே மடியிலேயே இருந்தது. சிவசங்கரி எடுக்கவில்லை. எடுத்தால், இரண்டு வருஷமாக மெம்பர் கையெழுத்துப் போட்ட காகிதம் ஒன்றையும் படித்ததில்லை என்பதும் சேர்ந்து வெளியே வரும். எதிர்க்கட்சி அதை அடுத்த எலெக்‌ஷன் வரை மைக் கட்டிச் சொல்லும்.

மே வந்தது. பூமாரி கட்டிலை முன்னறைக்கு இழுத்துப் போட்டுவிட்டாள். அடுப்பும் வாசலுக்கு வந்துவிட்டது.

"மெம்பரக்கா, ஊருக்குப் போயிருவமான்னு எங்க வீட்டுக்காரரு கேக்காரு. நீங்க சொன்னீகன்னுதான் நான் கெடக்கேன்."

"கெட. பாப்பம்."

"நீங்களும் பாப்பம்னு ஆரம்பிச்சிட்டீகளா? கமிட்டிக்குப் போயிப் போயி அவுக பேச்சு ஒட்டிக்கிருச்சு."

அந்த வாரம்தான் நிமி வந்தாள். ஏதோ யுனிவர்சிட்டியில் பாஷையைப் பற்றி ஆராய்ச்சி செய்கிற பெண். எஸ்டேட் தமிழை ரெக்கார்டு செய்ய ஒரு கையடக்க மெஷினோடு வந்திருந்தாள். தமிழ் எழுத்து நன்றாகப் படிப்பாள், பேசினால்தான் பாதி மலையாளம் வரும். லயத்தில் எல்லாரும் அந்த மெஷினைக் கண்டதும் டிவியில் செய்தி வாசிக்கிற மாதிரி பேசினார்கள். பூமாரி தன் சொந்தப் பூனையை 'அது ஒரு நல்ல பிராணி' என்று சொன்னாள். ரெக்கார்டு செய்ய ஒன்றும் தேறாமல் நிமி மெம்பர் வீட்டில் வந்து உட்கார்ந்தாள். ராஜசேகர் வழக்கம்போல, "வாசி புள்ள, போன கமிட்டியில என்ன சொன்னாக" என்றுவிட்டான். சிவசங்கரி கண்ணைக் காட்டுவதற்குள் நிமி நோட்டை எட்டி எடுத்துவிட்டாள்.

பிட்டு பிடிபட்ட பிள்ளை மாதிரி சிவசங்கரி நின்றாள்.

"சேச்சி, இந்த அடையாளம் எல்லாம் ஆரு சொல்லித் தந்தது?"

"யாரும் இல்ல. எழுத்துத் தெரியாதவ கிறுக்குனது. குடுத்துரு."

"கிறுக்கல் இல்ல. ஒரே சத்தத்துக்கு எல்லா இடத்திலும் ஒரே அடையாளம் வெச்சிருக்கீங்க. இது லிபியாக்கும்."

சிவசங்கரிக்கு அதில் பெரிய சந்தோஷம் ஒன்றும் வரவில்லை. ராஜசேகர்தான் 'லிபி, லிபி' என்று இரண்டு தரம் சொல்லிப் பார்த்துக்கொண்டான். நிமி நோட்டைத் திருப்பிக் கொடுத்து, ஏதாவது ஒரு பக்கம் வாசிக்கச் சொன்னாள். மனதில் அதுவே கிடந்ததால் சிவசங்கரியின் கை பிப்ரவரிக்குப் போயிற்று. வாசித்தாள். இருமல் வந்த இடத்தில் இருமினாள், வெட்டு வந்த இடத்தில் அம்மியைத் தட்டினாள்.

நிமி பாதியிலேயே கையைக் காட்டி நிறுத்தினாள்.

"இந்த ஆள் திருச்சூரா?"

"ஒனக்கு எப்பிடித் தெரியும்? அவரப் பாத்திருக்கியா?"

"கண்டதே இல்ல. ஒவ்வொரு வாக்கியத்துக்கும் வால்ல ஒரு 'ட்டா' வெக்கிறாரு. இழுத்து முடிக்கிற அந்தப் பாட்டும் அந்தப் பக்கத்துது. சேச்சி, அந்த ஆளே இங்க வந்து உட்கார்ந்து பேசின மாதிரி இருக்கு."

ராஜசேகர் உரித்த உள்ளியை வாயில் போட்டு மென்றுவிட்டான். சிவசங்கரி அந்தப் பக்கத்தின் மூலையை மடித்து வைத்தாள். நோட்டை யுனிவர்சிட்டிக்குக் கொண்டுபோய்ப் படம் எடுத்துவிட்டுத் தருகிறேன் என்று நிமி இரண்டு நாள் கெஞ்சினாள். "கமிட்டி முடியட்டும்" என்பதைத் தவிர வேறு பதில் அவளுக்குக் கிடைக்கவில்லை.

மே மாதக் கமிட்டியில் தலைவர் தொண்டையைச் செருமினார். சிவசங்கரியின் கை மேசைக்குக் கீழே போகவில்லை. நோட்டை எடுத்து எல்லாரும் பார்க்க மேசை மேல் வைத்தாள். மூன்றாவது விஷயமாக ரோடு வந்ததும் எழுந்தாள்.

"பிப்ரவரி பதினாலு. எஞ்சினியர் சார் பேசுனது," என்று தமிழில் சொல்லிவிட்டு, பக்கத்தைப் பிரித்து வாசித்தாள்.

"சம்ரக்ஷண பித்தி மழைக்கு மும்பு ஞான் கெட்டித் தராம் ட்டா." மேசையில் ஒரு தட்டு. "மெம்பர் பேடிக்கண்டா. ஜிஜி பறஞ்ஞா பறஞ்ஞதா ட்டா." ஒரு இருமல்.

தாங்குசுவர் மழைக்கு முன்னால் கட்டித் தருகிறேன், பயப்பட வேண்டாம், ஜிஜி சொன்னால் சொன்னதுதான். இழுவை, இருமல், தட்டு எல்லாம் அச்சு அசல். முதலில் சிரித்தது செக்ரட்டரி ஜோமோன். பிறகு ஹாலே சிரித்தது. ஜிஜி கட்டன்சாயாவைக் கையில் பிடித்தபடி, தன் குரல் ஒரு பொம்பளை வாயிலிருந்து வருவதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சிவசங்கரிக்கு இடையில் விட்டுவிட்டு வாசிக்கத் தெரியாது. எழுதியதை எழுதியபடி வாசிப்பதுதான் அவள் முறை. அடுத்து ஜிஜியின் போன் அடித்தது வந்தது. பிரிட்ஜில் மத்தி மீன் மிச்சம் இருக்கிறது, அதையே வறுத்தால் போதும் என்று அவர் வீட்டுக்காரம்மாவிடம் மெதுவாகச் சொன்னதும் வந்தது. அதைச் சொன்ன நினைவு அங்கே நிறையப் பேருக்கு இருந்தது.

எதிர்க்கட்சி மெம்பர் ஒருவர் எட்டி நோட்டைப் பார்த்தார். "இது மலையாளம் அல்லல்லோ. மெம்பருக்கு மலையாளம் எழுதத் தெரியாதா?" என்று பாதித் தமிழில் கேட்டார். இரண்டு வருஷமாக அவள் பயந்த கேள்வி அதுதான்.

"தெரியாது சார். அதான் சொன்னதச் சொன்னபடி எழுதிட்டேன். தெரிஞ்சிருந்தா நானும் சுருக்கி 'பரிசீலிக்கப்படும்'னு எழுதிருப்பேன்."

செக்ரட்டரி சிரிப்பை நிறுத்திக்கொண்டார். சிவசங்கரி பக்கத்தைத் திருப்பினாள். அதில் இருந்தது, அன்று தலைவர் எழுந்து போன பிறகு தலைவரைப் பற்றி ஜிஜி பேசியது. அவளுக்கு அது மறந்திருந்தது, ஜிஜிக்கு மறக்கவில்லை.

"மதி, மதி" என்றார் ஜிஜி அவசரமாக. போதும், போதும் என்று அர்த்தம். "ஞான் பறஞ்ஞதாணு. சம்மதிச்சு. திங்கள்கிழமை வேலை துடங்கும்."

தலைவருக்கு அந்தப் பக்கத்தில் என்ன இருக்கிறது என்று தெரிந்துகொள்ள ஆசைதான். முகத்தில் தெரிந்தது. ஆனால் எல்லாரும் அதற்குள் கை தூக்கிவிட்டார்கள்.

ஜோமோன் மினிட்ஸில் எழுதினார். திங்கள்கிழமை ஆரம்பித்து மழைக்கு முன்னால் முடிப்பது என்று வாய்விட்டு வாசித்துக் காட்டி, புத்தகத்தை மெம்பர் பக்கம் கையெழுத்துக்குத் தள்ளினார்.

சிவசங்கரி இன்னொரு தரம் மெதுவாக வாசிக்கச் சொன்னாள். அவர் வாசித்தார். கொழுந்து, ஆணி எல்லாம் வைத்து அவள் தன் நோட்டில் எழுதிக்கொண்டாள். எழுதியதை ஒருமுறை உதட்டுக்குள் வாசித்தாள். மினிட்ஸில் கையெழுத்துப் போட்டாள். பிறகு தன் நோட்டைத் திருப்பி எஞ்சினியர் பக்கம் தள்ளி, கடைசி வரிக்குக் கீழே இருந்த காலியிடத்தில் விரலை வைத்துக்கொண்டு, பேனாவை அவரிடம் நீட்டினாள்.