தட்டில் நானே வைத்த பிலிம்

பிலிம் கழுவும் லாபிலிருந்து போன் வரவேண்டும். லண்டன் பிளேஸ்டோவில் அண்ணையின் வீட்டு சோபாவில் கைபேசியைக் கவிழ்த்து வைத்துக்கொண்டு காலையிலிருந்து உட்கார்ந்திருந்தேன். அதை நிமிர்த்தி வைக்கவும் பயம், தள்ளி வைக்கவும் பயம்.

நான் கமெரா உதவியாளன். நான் வேலை செய்தது எஸ்தோனிய ஒளிப்பதிவாளர் ஒருவரிடம், எழுபதை நெருங்கும் பெண்மணி. இளம் வயதில் தலைநகர் தாலினில் கமெரா முக்காலி தூக்கத் தொடங்கி, பெண்ணுக்குக் கமெரா கனக்கும் என்று சிரித்த ஆண்களையே பிற்பாடு விளக்குப் பிடிக்க வைத்தவர். கடைசிப் படம் இது, டிஜிட்டல் வேண்டாம், பிலிம்தான் என்று பிடிவாதமாக நின்றார். அதன் முடிவுக் காட்சி, உறைந்த கடலின் மேல் தீவுக்குப் போகும் பாதை. எடுத்து முடித்த வாரமே பனி உருகிவிட்டது.

அந்தச் சுருள்களை லண்டன் லாபுக்குக் கையோடு கொண்டுவருவது என் பொறுப்பு. விமான நிலைய ஸ்கேனருக்குள் போனால் பிலிம் கெட்டுவிடும், கையால் சோதிக்கச் சொல்லவேண்டும். அதற்காக அவர் எழுதித் தந்த கடிதம் என் சட்டைப்பையில் இருந்தது.

தாலின் விமான நிலையத்தில் என் முறை வந்தது. எதிரே சீருடை. அவ்வளவுதான். யாழ்ப்பாணத்துச் சோதனைச் சாவடிகளில் பழகிய கை, தானாகவே சுருள் பையை ஸ்கேனர் தட்டில் வைத்துவிட்டது. விமானம் மேலே ஏறிய பிறகுதான் என்ன செய்தேன் என்று உறைத்தது.

"வாய் திறந்து சொல்ல என்னடா உனக்கு?" என்றார் அண்ணை, நடந்ததைக் கேட்டுவிட்டு.

"ஏலாமல் போச்சுது, அண்ணை."

அவர் மேலே கேட்கவில்லை. பொலிஸ் காரைக் கண்டால் தன் காரின் ரேடியோவைக் குறைக்கிற மனுஷன். கொஞ்சம் யோசித்துவிட்டு, "எயர்போட்டிலை அவங்களே பறிச்சு மெஷினுக்கை போட்டிட்டாங்கள் எண்டு சொல்லு. ஆர் போய்ப் பாக்கப் போறாங்கள்?" என்றார்.

நல்ல யோசனையாகத்தான் பட்டது. குளியலறைக் கண்ணாடி முன் நின்று இரண்டு தடவை சொல்லியும் பார்த்தேன்.

மதியம் போன் வந்தது. லாப் அல்ல, ஒளிப்பதிவாளரே.

"எல்லாச் சுருளிலும் ஸ்கேனர் பட்ட சாம்பல் அலை ஓடுகிறதாம். கடிதத்தைப் பார்த்த பிறகுமா போட்டார்கள்? எந்த அதிகாரி? நான் விடப்போவதில்லை."

எனக்காகச் சண்டைக்குக் கிளம்பியிருந்தார். ஒத்திகை பார்த்த பொய்யைச் சொல்ல மனம் வரவில்லை.

"யாரும் ஒன்றும் கேட்கவில்லை," என்றேன். "நானேதான் வைத்தேன். கடிதத்தை எடுக்கவே இல்லை. பயந்துவிட்டேன்."



"நானும் சீருடையைக் கண்டால் வாயடைத்துப் போகிற சோவியத் நாட்டில் வளர்ந்தவள்தான்," என்றார். "நீ பேசவேண்டாம், நீட்டினால் போதும் என்றுதான் எழுதித் தந்தேன்."

பிறகு போனை வைத்துவிட்டார். அந்தக் காட்சியை மறுபடி எடுக்கலாம் என்றால், அடுத்த குளிர்காலம் அந்தக் கடல் உறையவில்லை.