பதினோரு கட்டங்கள்

அருங்காட்சியகத்தின் மூன்றாம் மாடியில், நத்தை ஓடுகள் இருக்கும் அறையில் இருபத்தாறு வருடம் வேலை பார்த்ததால் எல்லோருக்கும் அவர் ‘நத்தையக்கா’. ஒவ்வோர் ஓட்டையும் நுண்ணோக்கியில் பார்த்து அட்டவணையை நிரப்புவார். வரிசைக்கு ஓர் இனம், கட்டத்துக்கு ஒரு கேள்வி: வாய் விளிம்பு தடித்திருக்கிறதா, சுருள் இடப்பக்கம் போகிறதா. ஆம் என்றால் ஒன்று, இல்லையென்றால் பூஜ்யம், தெரியாவிட்டால் கேள்விக்குறி. அதை வைத்துத்தான் எந்த இனம் எதற்கு நெருங்கிய சொந்தம் என்று கணினி கணித்துப் பரிணாம மரத்தை வரையும்.

ஓர் இனத்துக்கு உலகத்திலேயே ஒரே ஓடுதான் மிச்சம். அது வாழ்ந்த சுண்ணாம்புக் குன்றை வெட்டி சிமெண்டாக்கிவிட்டார்கள். ஒரு மத்தியானம், பாதிக் கட்டங்கள் முடிந்திருந்தபோது, அந்த ஓடு இடுக்கியிலிருந்து நழுவியது. குனிந்து தேட நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினார். சக்கரத்துக்கடியில் நறுக்கென்றது.

தூளைக் கூட்டிக் கண்ணாடிக் குப்பியில் போட்டு மூடினார். மீதிப் பதினோரு கட்டங்களில் கேள்விக்குறி போட்டிருக்கலாம். ஏன் தெரியவில்லை என்று யாராவது கேட்டுவிட்டால்? அதே சாயலில் இருந்த ஒரு தீவு நத்தையைப் பார்த்து ஒன்றும் பூஜ்யமுமாக நிரப்பினார்.

மரம் அச்சில் வந்தது. குன்று நத்தை தீவு நத்தையின் தங்கையாக அதில் உட்கார்ந்திருந்தது. வேறு ஊர் ஆய்வாளர்கள் அந்த அட்டவணையை வாங்கித் தங்கள் மரங்களை வரைந்தார்கள். எல்லாவற்றிலும் அதே கிளையில் அது. கடல் தாண்டி எப்படி வந்திருக்கும் என்று ஒருவர் கட்டுரையே எழுதினார்.

நத்தையக்காவால் வீட்டில் ஒரு முட்டைகூட உடைக்க முடியவில்லை. நாற்காலிக் கால்களுக்கெல்லாம் துணி சுற்றினார். அலுவலகத்தில் அந்தக் குப்பி இருந்த இழுப்பறையைத் திறக்க மாட்டார்; அதற்கு முதுகு காட்டியும் உட்கார மாட்டார்.

ஒன்பதாம் வருடம் புதிதாகச் சேர்ந்த ஆய்வாளர் பெண் குன்று நத்தையின் ஓட்டைப் பார்க்க வேண்டுமென்று அந்தக் குப்பியைக் கேட்டு வாங்கினாள்.

“அக்கா, இது தூளாக் கெடக்கே. எப்ப உடைஞ்சுது?”

ஒன்பது வருடமாக ஒத்திகை பார்த்த பொய் ஒன்று தயாராக இருந்தது. வாயில் வந்தது வேறு.

“நான்தான்மா உடைச்சேன். உடைச்சப்புறம் பதினோரு கட்டம் நானா ரொப்பினேன்.”

இருவரும் துறைத்தலைவரிடம் போனார்கள். அவர் கத்தவில்லை. பதினோரு கட்டத்திலும் கேள்விக்குறி போட்டுக் கணினியில் மறுபடி ஓட்டச் சொன்னார். சாயங்காலம் முடிவு வந்தது. குன்று நத்தை ஐந்து கிளைகளில் ஒரே அளவு பொருந்தியது. எதிலும் நிலைக்கவில்லை.

“அன்னிக்கே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேம்மா,” என்றார் தலைவர்.

திருத்தம் நத்தையக்காவின் பெயரோடு வெளியானது. அட்டவணை கைமாறியது, அவருக்கு லேபிள் எழுதும் வேலை.

“செத்த நத்தைக்கா இத்தனை வருஷம் இப்படிக் கெடந்தே?” என்றார் கணவர்.

“செத்தாலும் சொந்தக்காரங்க யாருன்னு ஒண்ணு இருக்குல்ல. அதையும் அழிச்சிட்டேனே.”

அடுத்த ஞாயிறு கணவர் மாவுச் சல்லடையைப் பையில் போட்டுக்கொண்டு அவரை பஸ் ஏற்றினார். குன்று இருந்த இடத்தில் வெட்டுப்பட்ட பாறைச் சுவரும் தேங்கிய பச்சைத் தண்ணீரும் கிடந்தன. ஓரத்தில் மட்டும் கொஞ்சம் பழைய மண். அதே இனத்தின் ஓடு இன்னொன்று கிடைக்குமா என்று பதினான்கு ஞாயிறு சலித்தார்கள். ஏழு ஓடுகள் கிடைத்தன. ஏழும் எங்கேயும் கிடைக்கிற சாதாரண நத்தைகள்.

பதினைந்தாவது வாரம் போனபோது, மழையில் அந்த மண்ணும் சரிந்து தண்ணீருக்குள் போயிருந்தது. கணவர் சல்லடையைத் திரும்பப் பையில் போட்டுக்கொண்டு, “வா, போலாம்,” என்றார். நத்தையக்கா பஸ்ஸின் சத்தம் கேட்கும்வரை கரையிலேயே நின்றார்.