கம்பி கொடுக்காத மீட்டர்

பேய் பிசாசு என்றால் சிரிக்கிற ஆள் நான். தீர்த்தமலை ஏறும்போது குரங்குக்குப் பயந்ததோடு சரி. கம்பைநல்லூர் பக்கம் ஒரு மாங்கூழ் ஆலையில் சூடு காட்டும் மீட்டர், சென்சர் பார்ப்பது என் வேலை. சென்சரிலிருந்து கம்பி வராத மீட்டர் எண் காட்டாது, 'ஓப்பன்' என்றுதான் காட்டும், இந்தத் தொழிலுக்கு அதுதான் அரிச்சுவடி. நம்பினால் நம்புங்கள், ஒரு மத்தியானம் அது பொய்யாகிப் போனது.

சீசனுக்கு முந்தின வாரம். கூழ் காய்ச்சும் டேங்குக்குள் என் கூட்டாளி சின்னராசு இறங்கிக் கழுவிக்கொண்டிருந்தான். நீராவி வால்வை மூடிவிட்டு, இறங்குடா என்று சொன்னவன் நான்தான். அந்த டேங்கின் சென்சரைக் கழற்றிவந்து, பூஜ்யம் சரியாகக் காட்டுகிறதா என்று பார்க்க, ஐஸ் தண்ணீர் டம்ளரில் போட்டு என் மேசையில் வைத்திருந்தேன். பக்கத்தில் அதன் மீட்டரை பிளக்கில் மாட்டி வைத்திருந்தேன், சென்சரிலிருந்து அதற்கு இன்னும் கம்பி கொடுக்கவில்லை.

நிமிர்ந்து பார்த்தால் மீட்டரில் 37. தட்டினேன், 38. பின்னால் கையை விட்டுத் தடவினேன், கரண்ட்டு வயரைத் தவிர ஒரு கம்பியும் இல்லை. 39. இது டேங்கின் சூடு இல்லை, ஆளின் சூடு என்று ஏன் தோன்றியதோ தெரியாது, 40 ஆனதைப் பார்த்ததும் எழுந்து ஓடினேன்.

மூடின வால்வு உள்ளுக்குள்ளேயே கசிந்து டேங்கு அடுப்பாகக் கொதித்தது. நாலு பேர் சேர்ந்து தூக்கினோம். ஆஸ்பத்திரியில் நர்ஸ், "நூத்தி நாலு இருக்குதுங்க" என்றார். மனசுக்குள் செல்சியஸுக்கு மாற்றிக் கணக்குப் போட்டேன், சரியாக நாற்பது.

கண் திறந்ததும் சின்னராசு கேட்டான்: "தொண்டையில சத்தமே வரலடா, மனசுக்குள்ளயே உன்னக் கூப்டுகினே இருந்தன். எப்படிடா கேட்டுச்சு?"

சாயங்காலம் ஆலைக்குத் திரும்பினேன், மீட்டரில் 37. அந்நேரம் அவன் சம்சாரம் போன் செய்தது, "ஜுரம் விட்டுருச்சுங்கண்ணா, கஞ்சி கேக்கறாரு."

டேங்குக்குப் புது மீட்டர் மாட்டிவிட்டோம். பழையது என் மேசையில், கம்பி இல்லாமல், இன்றைக்கும் 37 காட்டிக்கொண்டிருக்கிறது. சின்னராசு இப்போது மொரப்பூரில் கடை வைத்து நன்றாகத்தான் இருக்கிறான். "சும்மா எதுக்குங்க கரண்ட்டு, புடுங்கிப் போடுங்க" என்கிறார் சூப்பர்வைசர். வேறு யாராவது பிடுங்கிவிடுவார்களோ என்று அந்த பிளக்கின் மேல் டேப் சுற்றி வைத்திருக்கிறேன்.