ஐந்து மதிப்பெண்ணுக்கு ஒரு போர்

வரலாறு டீச்சர் என்று தெரிந்துவிட்டால் போதும், எங்கே சண்டை மூண்டாலும் விளக்கம் கேட்க நம்மிடம்தான் வருவார்கள். வளைகுடாப் பக்கம் போர் தொடங்கியிருந்த வாரம் அது. சிட்லபாக்கத்திலிருந்து தாம்பரத்துக்கு நான் வழக்கமாக ஏறும் ஷேர் ஆட்டோவின் டிரைவர், கண்ணாடியில் என்னைப் பார்த்துக் கேட்டார்: "டீச்சர், இத யாரு ஃபர்ஸ்ட்டு ஆரம்பிச்சது? டிவில ஆளாளுக்கு ஒண்ணு சொல்லிகினு கீறானுங்க." எனக்கு எரிச்சல் பொத்துக்கொண்டு வந்தது. "தெரியாதுப்பா" என்று சொல்லிவிட்டு ரோட்டைப் பார்த்துத் திரும்பிக்கொண்டேன்.

அவர் மேல் என்ன கோபம்? ஒன்றுமில்லை. என் ஒரே மகன் எண்ணெய்க் கப்பலில் என்ஜினியர். அந்த வாரம் அவன் கப்பல், சண்டை நடக்கும் ஜலசந்திக்கு வெளியே ஒரு துறைமுகத்தில் நங்கூரம் போட்டு நின்றிருந்தது. அதற்குள் இரண்டு கப்பல்கள் அங்கே அடிபட்டிருந்தன. அன்று விடிகாலை அவனிடமிருந்து ஒரு மெசேஜ்: "அம்மா, இன்னைக்கோ நாளைக்கோ உள்ள போவோம். போன் கிடைக்கலன்னா பயப்படாத." பயப்படாதே என்று எழுதினால் பயம் போய்விடும் என்று இந்தப் பிள்ளைகளுக்கு யார் சொல்லிக்கொடுத்தார்களோ. அதைப் படித்ததிலிருந்து எனக்கு ஒரு வாய் காப்பி இறங்கவில்லை.

லீவு போட முடியாத நாள் அது. பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வு விடைத்தாள் திருத்தும் முகாம். தாம்பரத்தில் ஒரு பள்ளியில் நாங்கள் எழுபது எண்பது பேர், சமூக அறிவியல் தாள்களோடு உட்கார்ந்திருந்தோம். முகாமின் முதல் விதி, உள்ளே போன் கூடாது. பெயர் எழுதிய பிளாஸ்டிக் கவரில் போட்டு வாசல் மேசையில் கொடுத்துவிட வேண்டும். மதியச் சாப்பாட்டுக்குக்கூடத் தர மாட்டார்கள். மாலையில் கையெழுத்துப் போட்டுத்தான் வாங்கலாம். கவரைக் கொடுக்கும்போது என் கை அதை விடவே இல்லை. மேசையில் இருந்தவர் "குடுங்க மேடம், பத்திரமா இருக்கும்" என்று சிரித்தார். பத்திரமாக இருக்க வேண்டியது போனா?

காலையில் கொடுத்த விடைத்தாள் கட்டைப் பிரித்தேன். பெருவினாப் பகுதியில் அந்தக் கேள்வி இருந்தது. முதல் உலகப்போருக்கான காரணங்களை விவரி. ஐந்து மதிப்பெண்.

எம்.ஏ. படித்த காலத்தில் எனக்கு உயிரான பாடம் இது. போரைவிட, போர் ஏன் வந்தது என்று பிற்பாடு நடந்த சண்டைதான் எனக்குப் பிடிக்கும். முதலில் ஜெயித்தவர்கள் தோற்ற நாட்டின் தலையில் மொத்தப் பழியையும் கட்டி, அதை உடன்படிக்கையிலேயே எழுதி வாங்கிக்கொண்டார்கள். சில வருடம் போனதும் வேறு சில வரலாற்றாசிரியர்கள் வந்து, தனியாக யார் மேலும் தப்பில்லை, எல்லோரும் சேர்ந்துதான் சறுக்கினார்கள் என்றார்கள். அடுத்த தலைமுறையில் தோற்ற நாட்டுக்காரர் ஒருவரே பழைய காகிதங்களைக் குடைந்து, இல்லை, எங்கள் ஆட்கள் தெரிந்தேதான் இதில் இறங்கினார்கள் என்று எழுதினார். இன்னொருவர் ரயில் அட்டவணையைக் கையில் எடுத்தார். படைகளை ஏற்றிய ரயில் கிளம்பிவிட்டால் நிறுத்த வழியில்லாதபடி ஒவ்வொரு நாடும் திட்டம் போட்டு வைத்திருந்ததாம், அதனால் ஒருவர் கிளம்பியதும் மற்றவரும் கிளம்ப வேண்டியதாகிவிட்டதாம். இதில் யார் சொல்வது சரி என்று ஹாஸ்டலில் சோறு ஆறிப்போகும்வரை வாதாடியிருக்கிறேன்.

வகுப்பில் அதெல்லாம் கிடையாது. ஐந்து தலைப்பு, ஐந்து அடிக்கோடு. நாடுகளின் கூட்டணிகள், ஆயுதப் போட்டி, மிதமிஞ்சிய தேசப்பற்று, காலனிப் போட்டி, கடைசியாக உடனடிக் காரணம், அதாவது இளவரசரைச் சுட்டுக்கொன்றது. இருபத்துநான்கு வருடமாக இதைச் சொல்லிக்கொடுத்துவிட்டு, முடிக்கும்போது மேசையைத் தட்டி ஒன்று சொல்வேன்: "அந்த இளவரசரைச் சுடாம விட்டிருந்தாலும் வேற ஒரு சாக்கு கிடைச்சிருக்கும். போர் தவிர்க்க முடியாததாகிவிட்டது. எழுதிக்கோங்க." அதைச் சொல்வதில் எனக்கு ஒரு பெருமை வேறு.

அன்றைக்குத் தாளுக்குத் தாள் அதே வாக்கியம். யார் யாரோ பெற்ற பிள்ளைகள், எந்தெந்த ஊர்ப் பள்ளிகளோ, அத்தனை பேரும் குண்டு குண்டாக எழுதியிருந்தார்கள்: போர் தவிர்க்க முடியாததாகிவிட்டது. ஐந்தாவது தாளைத் திருத்திக்கொண்டிருந்தேன். தாம்பரம் விமானப்படைத் தளத்திலிருந்து பயிற்சி விமானம் ஒன்று பள்ளிக்கு மேலே தாழப் பறந்தது. பல வருடமாகக் கேட்டுப் பழகிய சத்தம்தான். அன்று சிவப்புப் பேனா கையிலிருந்து கீழே விழுந்தது.

பக்கத்து நாற்காலியில் பெரும்பாக்கம் பக்கத்துப் பள்ளி டீச்சர் ஒருத்தி. சின்ன வயசு, நோன்புக்காலத்தில்கூட முகாமுக்கு முதல் ஆளாக வருகிறவள். அவளுக்கு மட்டும் என் மகன் விஷயம் தெரியும். பேனாவை எடுத்துக் கொடுத்து, "அக்கா, ஒண்ணும் ஆகாது. நான் துவா செய்யறேன்" என்றாள். நானும் காலையிலிருந்து ஜெபம் செய்துகொண்டுதான் இருந்தேன். ஆனால் என் ஜெபத்தில் வார்த்தையே வரவில்லை, அவன் பெயர் மட்டும்தான் வந்தது.

மதியம் பிரித்த கட்டுக்குள் அந்தத் தாள் வந்தது. ஐந்து தலைப்பில் ஒன்றுகூட இல்லை. ஒரு முழுப் பக்கம், அடிக்கோடில்லாமல், சுடப்பட்ட இளவரசரின் கார் டிரைவரைப் பற்றி எழுதியிருந்தது. அன்று இளவரசர் போகும் வழியை மாற்றினார்கள். டிரைவரிடம் யாரும் சொல்லவில்லை. அவர் பழைய வழியில் திரும்பிவிட்டார். தப்பு என்று கத்தியதும் வண்டியை நிறுத்தினார். நிறுத்திய இடத்தில் துப்பாக்கிக்காரன் நின்றிருந்தான். கடைசி வரி: "டிரைவரிடம் ஒருவர் சொல்லியிருந்தால் இத்தனை பேர் இறந்திருக்க மாட்டார்கள்."

வேறு எந்த வருடமாக இருந்தாலும் "பாடத்தைப் படிக்காம கதை விடுது" என்று ஒரு மதிப்பெண் போட்டுப் பக்கத்தைத் திருப்பியிருப்பேன். அன்று அதை மூன்று முறை படித்தேன். கடைசி நிமிடத்தில் யாரோ ஒரு வார்த்தை சொன்னால்கூடப் போதும், எல்லாம் மாறிவிடும் என்று ஒரு குழந்தை எழுதியிருக்கிறது. அது உண்மையாக இருக்க வேண்டும் என்று எனக்கு வெறியே வந்துவிட்டது. முழுசாக ஐந்து போட்டேன்.

சீஃப் என்று நாங்கள் சொல்லும் முதன்மைத் தேர்வாளர், திருத்திய தாள்களில் சிலவற்றை உருவி மறுபடி பார்ப்பார். நல்ல மனுஷர், சத்தம் போட்டுப் பேச மாட்டார். சரியாக அந்தத் தாள்தான் அவர் கையில் சிக்கியது.

"மேடம், உடனடிக் காரணத்துக்கு ஒரு மார்க்தான். நீங்க அஞ்சு குடுத்திருக்கீங்க."

"எழுதினது தப்பா சார்?"

"தப்புன்னு யாரு சொன்னா? ஆன்சர் கீ-ல இல்ல."

"கீ எழுதினவங்களுக்கு எல்லாம் தெரியுமா? போர் ஏன் வந்துச்சுன்னு இத்தனை வருஷமா பெரிய பெரிய ஆளுங்களே அடிச்சுக்கறாங்க. அஞ்சு பாயின்ட்ல அடங்கிடுமா?"

என் குரல் எனக்கே அந்நியமாக இருந்தது. அறையே திரும்பிப் பார்த்தது. சீஃப் தாளை என் முன்னால் வைத்து, இன்னும் மெதுவாகச் சொன்னார்: "மேடம், நீங்க இதுக்கு அஞ்சு போட்டா, பக்கத்து ரூம்ல இதையே எழுதின பிள்ளைக்கு ஒண்ணுதான் விழும். அது நியாயமா?"

நியாயமில்லை. அது எனக்கும் தெரியும். ஐந்தை அடித்து ஒன்று என்று எழுதி, ஓரத்தில் சுருக்கொப்பம் போட்டுக் கொடுத்தேன். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. எல்லோரும் மதிப்பெண்ணுக்காக அழுகிறேன் என்று நினைத்திருப்பார்கள்.

மாலையில் வாசல் மேசையில் கூட்டம். கவரைப் பிரித்துப் போனை உயிர்ப்பித்தேன். மகனிடமிருந்து இரண்டு தவறிய அழைப்பு. அதைப் பார்த்ததும் பெரும்பாக்கத்து டீச்சர் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். திருப்பிக் கூப்பிட்டேன். முதல் மணியிலேயே எடுத்துவிட்டான்.

"இன்னைக்குப் போகலம்மா. நாளைக்குக் காலைல."

போன உயிர் திரும்பி வந்தது. அடுத்ததாக, ஏதோ கடையில் சாமான் வாங்கியதைச் சொல்வது போல அவனே சொன்னான். உள்ளே போகச் சம்மதமா என்று கேட்டு, கம்பெனியிலிருந்து எல்லோரிடமும் ஒரு தாள் கொடுத்தார்களாம். விருப்பமில்லாதவர்கள் இங்கேயே இறங்கி ஊருக்கு விமானம் ஏறிக்கொள்ளலாமாம். அவன் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டானாம்.

"ஏன்டா போட்ட?"

"எல்லாரும் போட்டாங்கம்மா."

"எல்லாரும் போட்டா? நீ ஏன் போட்ட?"

"கேப்டன் போட்டாரு. சீஃப் என்ஜினியர் போட்டாரு. எனக்கு முன்னாடி நின்னவனும் போட்டான். நான் மட்டும் எப்படிம்மா மாட்டேங்கறது?"

இருபத்துநான்கு வருடம் காரணம் கேட்டே சம்பளம் வாங்கியவள் நான். காரணம் கேட்பதை அதோடு விட்டேன். "இன்னும் டைம் இருக்கா? மாத்திச் சொல்ல முடியுமா?" என்றேன்.

"நைட்டு எட்டு மணி வரைக்கும் சொல்லலாம். ஆனா நான் இறங்கினா என் இடத்துக்கு வேற ஒருத்தன் ஏறணும்மா. இங்க ஆபீஸ்ல ஒரு பையன் ரெடியா உட்கார்ந்திருக்கான். போன மாசம்தான் வேலைல சேர்ந்திருக்கான்."

"ஏறட்டும்" என்றேன்.

ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. அவன் பேசியதும் பக்கத்தில் கேட்டிருக்க வேண்டும், என் முழங்கையைப் பிடித்திருந்த டீச்சரின் கை தளர்ந்தது. மறுமுனையில் என் மகன், "அப்படிச் சொல்லாதம்மா" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டான்.

அவன் இறங்கவில்லை. மறுநாள் காலை அவன் கப்பல் ஜலசந்திக்குள் போனபோது நான் போனைக் கவரில் போட்டுக் கொடுத்துவிட்டு அடுத்த கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தேன். அன்று முழுக்க நான் பட்ட பாட்டைக் கர்த்தர் ஒருவர்தான் அறிவார். அவன் பிழைத்தான், நாலு மாதம் கழித்து வீட்டுக்கும் வந்தான். அந்த ஒரு வார்த்தையைப் பற்றி இருவரும் இதுவரை பேசியதில்லை. அந்த இன்னொரு பையனின் அம்மா எந்த ஊரோ, எனக்குத் தெரியாது. நாளைக்கே மறுபடி அப்படி ஒரு போன் வந்தாலும் நான் அதையேதான் சொல்வேன். அதை நினைத்தால்தான் எனக்குப் பயமாக இருக்கிறது.